தளபதியைக் காட்டும் முன் ஆற்றைக் காட்டுங்கள்

ஆசிரியர் அவர்களுக்கு,

வணக்கம். போர் ஆவணப்படங்கள் பற்றித் தங்கள் ஞாயிறு இணைப்பில் வந்த கட்டுரையைப் படித்தோம். வரலாற்றாசிரியரே கேமராவின் முன் நின்று பேசும் படங்கள் பெருகிவருவதை அது வரவேற்றிருந்தது. எங்களுக்கும் மகிழ்ச்சிதான். ஆனால் அத்தகைய படத்தின் தரத்தை எடைபோடும்போது கிராபிக்ஸ், பின்னணி இசை, பேசுபவரின் குரல்வளம் என்பதோடு கட்டுரை நின்றுவிட்டது. படைத்தலைமை பற்றிய படத்திடம் முதலில் கேட்க வேண்டிய கேள்வி வேறு. முடிவெடுத்த அந்த நேரத்தில் தளபதியின் கண்ணுக்கு எது தெரிந்தது, எது தெரியவில்லை? இதற்குப் பதில் இல்லாத படம் எத்தனை குதிரைகளை ஓடவிட்டாலும் தலைமையைப் பற்றி எதுவும் சொல்லியதாகாது.

இந்தக் கேள்வியைத் தொலைக்காட்சிக்குக் கொண்டுவந்தவர்களில் முக்கியமானவர் இங்கிலாந்தின் ரிச்சர்ட் ஹோம்ஸ். 1946இல் பிறந்து 2011இல் மறைந்தவர். சாண்ட்ஹர்ஸ்ட் ராணுவக் கல்லூரியில் இளம் அதிகாரிகளுக்குப் பாடம் நடத்தினார். பிறகு கிரான்ஃபீல்டு பல்கலைக்கழகத்தில் பேராசிரியர். பகுதிநேரப் படையில் பிரிகேடியர் வரை உயர்ந்தவர். 1990களில் பிபிசிக்காகப் போர்க்களங்களை நடந்து காட்டும் படங்களைச் செய்தார். 1914இல் பெல்ஜியத்தின் மோன்ஸிலிருந்து பின்வாங்கிய பிரிட்டிஷ் படையின் பாதையைக் குதிரையிலேயே கடந்து ஒரு நூலும் எழுதினார். அவர் பேச்சின் கவர்ச்சியைப் பலர் புகழ்ந்திருக்கிறார்கள். எங்களுக்கு அதைவிடப் பெரிதாகப் படுவது அவர் எங்கே நின்று பேசினார் என்பது. ஒரு மேட்டின் பின்சரிவு, ஒரு பள்ளம், ஒரு வேலி எப்படி ஆயிரம் பேரை மறைக்கும் என்பதை அந்த இடத்திலேயே நின்று காட்டினார். வரைபடத்தில் கோடாகத் தெரியும் ஓடை, நேரில் பீரங்கி வண்டி இறங்க முடியாத கரையாக இருக்கும். படைத்தலைவருக்கு எதிரே இருந்தது கரைதான், கோடு இல்லை.

ஹோம்ஸ் 2002இல் வெலிங்டன் பிரபுவைப் பற்றியும் ஒரு தொடர் செய்தார். வெலிங்டன் என்றதும் நெப்போலியன் தோற்ற வாட்டர்லூ நினைவுக்கு வரும். ஆனால் தமிழ் வாசகர்களுக்கு நெருக்கமான களம், அவர் இந்தியாவில் போரிட்ட அசாயே. நீலகிரியில் அவர் பெயரைத் தாங்கிய ஊரில்தான் மெட்ராஸ் ரெஜிமெண்டின் பயிற்சி மையம் இருக்கிறது. அந்த ரெஜிமெண்டின் சின்னத்தில் உள்ள யானை அசாயே யானை. ஆகவே ஒரு படம் எப்படிக் கட்டப்பட வேண்டும், எங்கே சறுக்கும் என்பதை அசாயேயை வைத்தே சொல்கிறோம்.

1803 செப்டம்பர் 23. இடம், இன்றைய மகாராஷ்டிரத்தின் ஜால்னா மாவட்டம், போகர்தன் வட்டாரம். அப்போது ஆர்தர் வெல்லெஸ்லி என்ற பெயரோடிருந்த வெலிங்டன் அன்று காலையிலேயே சுமார் 14 மைல் நடந்து நவுல்னியாவில் பாசறை இறங்கினார். எதிரி, அதாவது சிந்தியா முதலான மராட்டியத் தலைவர்களின் படை, 12 மைலுக்கு அப்பால் இருப்பதாகச் சொல்லப்பட்டிருந்தது. அங்கு வந்த பிறகுதான் 6 மைலில் இருப்பது தெரிந்தது. கர்னல் ஸ்டீவன்சனின் இன்னொரு படை வேறு பாதையில் வந்துகொண்டிருந்தது. இரண்டும் சேர்ந்து மறுநாள் தாக்குவதாகத் திட்டம். வெல்லெஸ்லியிடம் இருந்தது ஏறக்குறைய 7,000 நிரந்தரப் படைவீரர், அதோடு மைசூர், மராட்டிய நேசக் குதிரைப்படை. எதிரே ஐரோப்பிய முறையில் பயிற்றப்பட்ட காலாட்படை மட்டும் பத்தாயிரத்துக்கு மேல், பீரங்கி நூறளவில், அளவிட முடியாத குதிரைப்படை வேறு. காத்திருப்பதா, தாக்குவதா? படம் தொடங்க வேண்டிய இடம் இது. பெரும்பாலான படங்கள் முதல் குண்டு வெடிப்பதிலிருந்து தொடங்குகின்றன. அதற்குள் தலைமையின் பாதி வேலை முடிந்துபோயிருக்கும்.

மீதிப் பாதி கைத்னா ஆற்றில் இருக்கிறது. எதிரி அந்த ஆற்றுக்குப் பின்னால் நீளமாக அணிவகுத்திருந்தான். நேரே இறங்கினால் பீரங்கி வாய்க்குள் இறங்குவதாகும். பக்கவாட்டில் வேறு துறையே கிடையாது என்று வழிகாட்டிகள் சாதித்தார்கள். வெல்லெஸ்லி கிழக்கே போய்ப் பார்த்தபோது பீப்பல்காவ், வரூர் என்ற இரண்டு ஊர்கள் எதிரெதிர்க் கரையில் அடுத்தடுத்து இருப்பது தெரிந்தது. இரண்டு ஊர் இவ்வளவு நெருக்கமாகக் கட்டிக்கொண்டு வாழ்கிறதென்றால் இடையில் ஆள் இறங்கிக் கடக்கும் துறை இல்லாமல் இருக்காது என்று முடிவு செய்தார். துறை இருந்தது. படை அங்கேதான் கடந்தது. ஆற்றங்கரை ஊரில் பிறந்த எவருக்கும் இந்தத் தர்க்கம் புரியும். அக்கரையில் பெண் எடுத்து, இக்கரைச் சந்தைக்கு வரும் சனங்கள் தினமும் மைல்கணக்கில் சுற்றிக்கொண்டிருப்பார்களா?

இதைப் படமாக்க நான்கு விஷயம் சரியாக இருக்க வேண்டும். முதலாவது பருவம். செப்டம்பர் இறுதியில் மழை பெய்து முடிந்து ஆற்றில் நீர் இருக்கும். படப்பிடிப்பு வசதிக்காக ஏப்ரலில் போனால் வறண்ட மணல்தான் கிடைக்கும். வறண்ட ஆற்றைக் காட்டிக்கொண்டு 'துறையைக் கண்டுபிடித்தார்' என்று சொன்னால் பார்ப்பவர், இதில் கண்டுபிடிக்க என்ன இருக்கிறது என்றே நினைப்பார். இரண்டாவது வெயில். ஆற்றைக் கடந்து படை மேற்கு நோக்கித் திரும்பி முன்னேறியது. பிற்பகல் 3 மணிக்கு மேல், பகலும் இரவும் சமமாகும் நாளில், சூரியன் நேர் மேற்கே சரியும். முன்னேறியவர்களின் முகத்திலேயே அடிக்கும். மார்ச் 21ஐ ஒட்டிப் போனாலும் இதே வெயில் கிடைக்கும், ஆனால் நீர் கிடைக்காது. ஆகவே செப்டம்பர் கடைசி வாரத்தை விட்டால் வேறு வழியில்லை. மூன்றாவது மண். அது தக்காணத்துக் கரிசல். ஈரத்தில் வண்டிச் சக்கரத்தை விடாது. வெல்லெஸ்லியின் பீரங்கிகளை இழுத்த காளைகள் எதிரிக் குண்டில் மாண்டன; பீரங்கிகளை விட்டுவிட்டுக் காலாட்படை முன்னேற வேண்டியதாயிற்று. காளை விழுந்த பிறகு கரிசலில் ஒரு பீரங்கியை மனிதர்கள் இழுப்பது எப்படிப்பட்ட வேலை என்று இருபது நொடி காட்டினால் போதும், அந்த உத்தரவின் காரணம் விளங்கிவிடும். விருதுநகர், தூத்துக்குடிப் பக்கத்துக்காரர்களுக்கு விளக்கமே வேண்டாம்.

நான்காவது கேமராவின் உயரம். இன்று பெரும்பிழை இங்கேதான் நடக்கிறது. ட்ரோன் மலிவாகிவிட்டதால் களத்தை 100 மீட்டர் உயரத்திலிருந்து காட்டுகிறார்கள். ஆறு, ஊர், எதிரி வரிசை, ஓடை எல்லாம் ஒரே பார்வையில் விழுகின்றன. 1803இல் அந்தப் பார்வை யாருக்கும் கிடையாது. குதிரைமேல் இருப்பவரின் கண் தரையிலிருந்து சுமார் இரண்டரை மீட்டர். கேமராவை அந்த உயரத்தில் வையுங்கள். முதலில் அங்கிருந்து தெரிவதை மட்டும் காட்டுங்கள். தளபதி முடிவெடுத்த பிறகு வேண்டுமானால் ட்ரோனை ஏற்றி, அவர் அறியாததைப் பார்ப்பவருக்குச் சொல்லலாம். வரிசை மாறினால் தளபதி முட்டாளாகத் தெரிவார், அல்லது தீர்க்கதரிசியாகத் தெரிவார். இரண்டும் பொய். லென்ஸிலும் கவனம் வேண்டும். டெலி லென்ஸ் தூரத்தைச் சுருக்கும். 800 மீட்டர் தள்ளியிருக்கும் பீரங்கி கையெட்டும் தூரத்தில் நிற்பதுபோல இருக்கும். 35இலிருந்து 50 மில்லிமீட்டர் வரையான லென்ஸ் கண்ணின் கணக்குக்குப் பக்கத்தில் இருக்கும்.

ஆட்களின் கணக்கும் அப்படித்தான். 500 துப்பாக்கிக்காரர்கள் தோளோடு தோள் உரச இரண்டு வரிசையாக நின்றால், ஆளுக்கு 22 அங்குலம் வீதம், முன்பக்க நீளம் 140 மீட்டர். நாற்பது துணை நடிகர்களை வைத்து எடுத்தால் நீளம் 11 மீட்டர்தான் வரும். அதை மறைக்கக் கணினியில் ஆட்களைப் பெருக்கும்போது பள்ளத்தாக்கு முழுக்க எறும்புக் கூட்டம்போல நிரப்பிவிடுகிறார்கள். உண்மையில் அது நீண்டு மெலிந்த ஒரு கோடு. அதன் இரு முனைகளும் தளபதியின் பார்வைக்கு அப்பால் இருந்தன. புகை வேறு. அந்தக் காலக் கரிமருந்து இரண்டு மூன்று முறை வெடித்ததும் முன்னால் வெள்ளைத் திரைதான். படம்பிடிக்கும் வசதிக்காகப் புகையைக் குறைத்தால், தளபதிக்கு இல்லாத கண்ணை அவருக்குக் கொடுத்ததாகிவிடும்.

புகையும் தூரமும் சேர்ந்து என்ன செய்யும் என்பதற்கு அசாயேயின் வலதுமுனையே சாட்சி. அங்கே இருந்தது லெப்டினன்ட் கர்னல் ஓராக் தலைமையிலான காவல் அணி. அசாயே ஊரைச் சுற்றிப் பீரங்கிகள் குவிந்திருந்தன. அதை விட்டு விலகி நிற்பதே வெல்லெஸ்லியின் எண்ணம். ஓராக் உத்தரவைத் தவறாகப் புரிந்துகொண்டு ஊரை நோக்கியே போனார். பின்னால் வந்த 74ஆவது ரெஜிமெண்டும் கூடவே இழுபட்டது. அதன் அதிகாரிகளில் ஏறக்குறைய அனைவரும் மாண்டார்கள் அல்லது காயமடைந்தார்கள். 'ஏன் உடனே தடுக்கவில்லை?' என்று பார்ப்பவர் கேட்பார். கணக்குப் போட்டுக் காட்டுங்கள். நிதான நடை நிமிடத்துக்கு 75 எட்டு, எட்டுக்கு 30 அங்குலம். நிமிடத்துக்கு 57 மீட்டர். தவறு கண்ணில் பட்டு, சொல்லி அனுப்பி, குதிரைக்காரன் புகைக்குள் தேடிப் போய்ச் சேர 5 நிமிடம் என்றால் பட்டாளம் அதற்குள் 285 மீட்டர் போயிருக்கும். சிதறுகுண்டு கொன்று குவிக்கும் தூரமும் ஏறக்குறைய அவ்வளவுதான். இந்த ஒரு கணக்கு ஒரு மணி நேர வசனத்தைவிடத் தெளிவாகத் தலைமையின் எல்லையைக் காட்டும்.

இன்னொன்றையும் நேர்மையாகக் காட்ட வேண்டும். பக்கவாட்டில் வந்து தாக்கினால் எதிரி தடுமாறுவான் என்று வெல்லெஸ்லி நம்பினார். அது பலிக்கவில்லை. சிந்தியாவின் காலாட்படையை நடத்திய ஹானோவர்க்காரர் போல்மன், தன் முழு வரிசையையும் 90 பாகை திருப்பி ஆற்றிலிருந்து ஆற்றுவரை புதிய சுவராக நிறுத்திவிட்டார். அந்தச் சிப்பாய்களின் பயிற்சி அப்படி. முதல் வரிசை கடந்துபோன பிறகு, செத்தவர்போல் கிடந்த மராட்டிய பீரங்கிக்காரர்கள் எழுந்து பீரங்கிகளைத் திருப்பிப் பின்னாலிருந்து சுட்டார்கள். வெல்லெஸ்லியே 78ஆவது ரெஜிமெண்டையும் 7ஆவது மதராஸ் குதிரைப்படையையும் கூட்டிக்கொண்டு திரும்பிவந்து அவற்றை மீட்க வேண்டியிருந்தது. அவர் ஏறியிருந்த குதிரைகளில் ஒன்று சுடப்பட்டது, மற்றொன்று ஈட்டிக்குத்துப் பட்டது. அவர் பக்கத்தில் மட்டும் 428 பேர் இறந்தார்கள், 1,138 பேர் காயமடைந்தார்கள். வென்றவரின் பிழையையும் தோற்றவரின் திறமையையும் கழித்துவிட்டால் மிஞ்சுவது சிலைக்கு அடியில் வெட்டிய கல்வெட்டு.

இனி ஆதாரங்கள். வரலாற்றாசிரியர் படப்பிடிப்புக்குப் போகும் முன் ஒரு நேர அட்டவணை போட வேண்டும். ஒவ்வொரு வரியிலும் நிகழ்ச்சி, நடந்த நேரம், தளபதிக்குத் தெரிந்த நேரம், சொன்னவர் யார், அவர் அதை எப்போது எழுதினார் என்று ஐந்து கட்டம். மூன்றாவது கட்டமும் ஐந்தாவது கட்டமும்தான் படத்தைக் காப்பாற்றும். இரண்டு ஊர்களைப் பார்த்துத் துறையை ஊகித்த கதையையே எடுத்துக்கொள்ளுங்கள். அதை வெலிங்டன் பிற்காலத்தில் உரையாடலில் சொன்னார். பொய் என்று நாங்கள் சொல்லவில்லை. ஆனால் போர் முடிந்த கையோடு எழுதிய கடிதமும் முதுமையில் சொன்ன நினைவும் ஒரே எடை அல்ல. 'பிற்காலத்தில் அவரே சொன்னது' என்று பின்னணிக் குரலில் மூன்று சொல் சேர்த்தால் போதும்.

அந்தக் காலத்துக் கடிதம் வேண்டுமானால் மிகச் சிறந்த ஒன்று இருக்கிறது. சென்னைத் தீவுத்திடலில் குதிரைமேல் சிலையாக இருக்கும் தாமஸ் மன்றோ, போர் நடந்த மறுமாதமே வெல்லெஸ்லிக்கு எழுதினார். படையை இரண்டாகப் பிரித்தது சரியா என்று அவருக்கு ஐயம். 1803 நவம்பர் 1ஆம் தேதி வெல்லெஸ்லி அதற்கு விரிவாகப் பதில் எழுதினார். இரண்டு படையும் ஒரே கணவாய் வழியாக ஒரே நாளில் கடக்க முடியாது என்பதும், ஒரு பாதையைத் திறந்து விட்டால் எதிரி தெற்கே நழுவிவிடுவான் என்பதும் அவர் சொன்ன காரணங்கள். விவரமறிந்த ஒருவர் கேட்க, முடிவெடுத்தவரே பதில் சொல்கிறார். படைத்தலைமை பற்றிய படத்துக்கு இதைவிட நல்ல உரையாடல் எந்த வசனகர்த்தாவுக்கும் கிடைக்காது. இருந்தும் இதைத் தொடாமல் வாளைச் சுழற்றுவதையே காட்டிக்கொண்டிருக்கிறார்கள்.

வாள் என்றதும் சொல்லத் தோன்றுகிறது. வெல்லெஸ்லியின் தக்காண வெற்றியில் பெரும்பங்கு காளைகளுக்கும் பரிசல்களுக்கும் உண்டு. திப்புவின் அமிர்தமகால் மாட்டுக் கூட்டம் 1799க்குப் பிறகு கிழக்கிந்தியக் கும்பினியின் கைக்கு வந்தது. வேகமாக நடக்கும் அந்தக் காளைகளை அவர் பெரிதும் மதித்தார். மழைக்காலத்தில் ஆறு கடக்கத் தோல் போர்த்திய கூடைப் பரிசல்களைக் கட்ட உத்தரவிட்டார். ஒகேனக்கலில் நாம் பார்க்கும் அதே பரிசல்தான். எதிரிக்கு ஆறு தடை, இவருக்கு ஆறு பாதை. மாட்டுத்தீவனக் கணக்கும் பரிசல் கட்டும் காட்சியும் ஒரு படத்தில் ஐந்து நிமிடம் பிடித்தால் அந்த ஐந்து நிமிடம்தான் படத்தின் உயிர்.

அசாயேக்குப் புகைப்படம் கிடையாது; பொய் சொல்லக் கொஞ்சமாவது மெனக்கெட வேண்டும். இருபதாம் நூற்றாண்டுப் போர்களுக்கு அந்தத் தடையும் இல்லை, பழைய சுருள்கள் மலையாகக் கிடக்கின்றன. 1916 ஜூலை 1 காலை 7.20க்குப் பிரான்ஸின் சோம் போர்முனையில் ஹாதார்ன் மேட்டின் அடியில் வைத்த வெடி கிளம்புவதை ஜெஃப்ரி மாலின்ஸ் படம்பிடித்தார். அது உண்மையான காட்சி. அதே படத்தில் வீரர்கள் பதுங்குகுழியிலிருந்து ஏறிப் பாயும் காட்சி, போர்முனைக்குப் பின்னால் ஒரு பயிற்சித் தளத்தில் நடித்து எடுத்தது. முதுகில் மூட்டை இல்லை. கேமரா நிற்கும் இடத்தில் உண்மையில் யாரும் உயிரோடு நின்றிருக்க முடியாது. விழுந்து 'இறந்தவர்' ஒருவர் காலை நகர்த்துகிறார். நூறாண்டுக்கு மேலாக உலகெங்கும் இந்த நடிப்பைத்தான் சோம் போரென்று காட்டுகிறார்கள். உண்மையில் அந்த ஒரு நாளில் பிரிட்டிஷ் படையில் 19,240 பேர் இறந்தார்கள்.

இங்கே நோபிள் ஃபிராங்க்லாண்டைச் சொல்லியாக வேண்டும். இரண்டாம் உலகப்போரில் குண்டுவீச்சு விமானத்தில் வழிகாட்டியாகப் பறந்தவர், பிறகு அந்தக் குண்டுவீச்சின் அதிகாரபூர்வ வரலாற்றை எழுதிய இருவரில் ஒருவர், 1960 முதல் 1982 வரை லண்டன் இம்பீரியல் போர் அருங்காட்சியகத்தின் தலைவர். முதல் உலகப்போரைப் பற்றி 1964இல் பிபிசி 26 பகுதித் தொடர் எடுத்தபோது அருங்காட்சியகத்தின் சுருள்கள்தான் பயன்பட்டன. நடித்து எடுத்த காட்சிகளை உண்மையோடு கலந்து, சொல்லாமல் காட்டுவதை அவர் எதிர்த்தார். பின்னர் 1973-74இல் இரண்டாம் உலகப்போரைப் பற்றித் தேம்ஸ் தொலைக்காட்சி 26 பகுதிகள் வெளியிட்டபோது அவரே வரலாற்று ஆலோசகர். போரைத் தீர்மானித்த முக்கியமான 15 படையெடுப்புகள் எவை என்று தயாரிப்பாளர் ஜெரமி ஐசக்ஸ் கேட்டுக்கொண்டு, அவர் சொன்னவற்றுக்குப் பகுதிக்கு ஒன்றாக இடம் ஒதுக்கினார். கையில் என்ன சுருள் கிடைத்ததோ அதற்கேற்பக் கதையை வளைக்காமல், முதலில் வரலாற்றாசிரியரிடம் எலும்புக்கூட்டை வாங்கிக்கொண்டார். பேட்டிக்கும் புகழ்பெற்ற தளபதிகளைவிட அவர்களின் உதவியாளர்களையும் செயலாளர்களையும் தேடிப் போனார்கள். அது சரியான யோசனை. தளபதி தன் நினைவுக்குறிப்பைப் பலமுறை எழுதித் திருத்தியிருப்பார். தொலைபேசியை எடுத்து நீட்டிய உதவியாளருக்கு அழைப்பு வந்த நேரம் நினைவிருக்கும்.

பழைய சுருளைப் பயன்படுத்துபவர் செய்ய வேண்டியவை கடினமானவை அல்ல. ஒவ்வொரு சுருளோடும் படம்பிடித்தவர் எழுதிய குறிப்புத் தாள் இருக்கும். தேதி, இடம், படைப்பிரிவு அதில் இருக்கும். அதைக் கேட்டு வாங்குங்கள். கையால் சுழற்றிய ஊமைப்படம் நொடிக்கு 16 ஃப்ரேம் அளவில் எடுத்தது. அதை 25இல் ஓடவிட்டால் வீரர்கள் சார்லி சாப்ளின்போல் குதிப்பார்கள். செத்துப்போன மனிதர்களைக் கோமாளிகளாக்குவது மன்னிக்கத்தக்கதல்ல. இரண்டாம் உலகப்போரில் கையில் பிடித்து எடுக்கும் 35 மில்லிமீட்டர் கேமராவின் 100 அடிச் சுருள் 66 நொடிதான் ஓடும். ஆகவே வெட்டில்லாமல் மூன்று நிமிடம் ஓடும் 'கைக்கேமராக் காட்சி' எதைப் பார்த்தாலும் ஐயப்படுங்கள். போர்முனைச் சுருள்களில் பெரும்பாலானவற்றுக்கு ஒலியே கிடையாது. நாம் கேட்கும் வெடியோசை முழுக்க ஸ்டுடியோவில் சேர்த்தது. அதையும் தொடக்கத்தில் ஒரு வரி எழுதிச் சொல்லிவிடலாம். படம் இடவலமாகப் புரட்டப்பட்டிருக்கிறதா என்று பார்க்கத் துப்பாக்கியின் தாழ்ப்பாள் எந்தப் பக்கம், பதக்கம் எந்த மார்பில் என்று கவனித்தால் போதும்.

நம் நாட்டுப் போர்ப் படங்களில் அடிக்கடி நடப்பது டாங்கிக் குழப்பம். 1971 டிசம்பரில் ராஜஸ்தான் எல்லையிலுள்ள லோங்கேவாலாவுக்கு வந்த பாகிஸ்தான் டாங்கிகளில் முதன்மையானது டி-59. பக்கத்துக்கு ஐந்து பெரிய சக்கரம், முதலாவதுக்கும் இரண்டாவதுக்கும் இடையில் கூடுதல் இடைவெளி. 1965இன் பேட்டன் டாங்கிக்கு ஆறு சக்கரம். லோங்கேவாலா என்று சொல்லிக்கொண்டே ஆறு சக்கரப் பேட்டனை ஓடவிட்ட படத்தைப் பார்த்தால் சக்கரத்தை எண்ணிப் பாருங்கள். அதுபோலவே 1914 செப்டம்பர் 22 இரவில் சென்னையைச் சுட்ட ஜெர்மன் கப்பல் எம்டனுக்குப் புகைப்போக்கி மூன்று. எதிரியை ஏமாற்றப் போலியாக நான்காவது ஒன்றையும் நிறுத்திக்கொள்வார்கள். இரண்டே புகைப்போக்கியுள்ள கப்பலைக் காட்டி எம்டன் என்று யாராவது சொன்னால் அது எம்டன் அல்ல.

அசாயேக்குத் திரும்புகிறோம். தங்கள் கட்டுரையில் 'பிரிட்டிஷார் மராட்டியரை வென்றனர்' என்று ஒரு வரி இருந்தது. களத்தில் நின்ற பட்டாளங்களில் மதராஸ் காலாட்படையின் 4, 8, 10, 12ஆம் ரெஜிமெண்டுகளைச் சேர்ந்தவை இருந்தன. குதிரைப்படையில் மதராஸின் 4, 5, 7. மதராஸ் மாகாணத்துத் தமிழரும் தெலுங்கரும் முஸ்லிம்களுமே அந்தச் சிப்பாய்கள். அன்று வெற்றிக்கு வழிதிறந்த குதிரைத் தாக்குதலில் அவர்களோடு தோள் சேர்ந்து ஓடியது பிரிட்டிஷ் 19ஆவது லைட் டிராகூன் படை.

மூன்றாண்டு கழிய இரண்டரை மாதம் இருக்கையில், 1806 ஜூலை 10 அன்று, அதே 19ஆவது டிராகூன் படை ஆற்காட்டிலிருந்து வேலூருக்கு விரைந்து வந்து, கோட்டையில் கிளர்ச்சி செய்த மதராஸ் சிப்பாய்களை வெட்டிச் சாய்த்தது. அசாயேயில் இளம் பொறியாளர் அதிகாரியாக இருந்த ஜான் பிளாக்கிஸ்டன்தான் வேலூர்க் கோட்டைக் கதவைப் பீரங்கியால் தகர்க்கும் வேலையைப் பார்த்தார். புதிய தலைப்பாகை, தாடி மழிப்பு, நெற்றிக்குறித் தடை என்று உத்தரவு போட்ட ஜெனரல் கிராடக்கும் ஒரு படைத்தலைவர்தான். தன் சிப்பாய்களைப் பற்றி அவருக்கு என்ன தெரிந்திருந்தது, என்ன தெரியவில்லை என்பது வெல்லெஸ்லியின் ஆற்றுத்துறையைவிடப் பெரிய கேள்வி. படைத்தலைமை பற்றித் தமிழில் ஒரு படம் எடுக்க விரும்பும் வரலாற்றாசிரியருக்கு இதைவிடப் பொருத்தமான பொருள் எங்களுக்குத் தோன்றவில்லை. ஆற்றைத் தேடி மகாராஷ்டிரம் போக வேண்டாம். கோட்டை நின்றபடியே நிற்கிறது. எழும்பூர் ஆவணக் காப்பகத்தில் கும்பினி காலத்து ராணுவத் துறைப் பதிவுகள் இருக்கின்றன.

எடுப்பவர்களுக்கு இரண்டு குறிப்பு. கிளர்ச்சி தொடங்கியது விடியலுக்கு முன், சுமார் 2 மணி. அமாவாசைக்கு ஐந்தாறு நாள் முந்திய தேய்பிறை. கோட்டை மதில்மேல் முழுநிலவைத் தொங்கவிட வேண்டாம். ஆற்காட்டுக்கும் வேலூருக்கும் இடையே சுமார் 16 மைல். கோட்டைக்கு வெளியே இருந்த அதிகாரி அனுப்பிய செய்தி ஆற்காட்டுப் படையை நடத்திவந்த கில்லெஸ்பியின் கைக்கு எத்தனை மணிக்குக் கிடைத்தது, அதுவரை உள்ளே இருந்த சிப்பாய்களுக்கு எத்தனை மணி நேரம் இருந்தது, அந்த நேரத்தில் வாயில்களைக் காக்க யாரை நிறுத்தினார்கள், யாரை நிறுத்தவில்லை என்பதை முதலில் அட்டவணையாகப் போட்டுக்கொள்ளுங்கள். கேமராவை அதன் பிறகு எடுங்கள்.

இப்படிக்கு,
வேலூர் வாசகர்கள் சிலர்